சிட்னி மருமகனுக்கு எந்த வள்ளம்?

சிட்னியில் இருக்கிற அக்காவின் மகன் போன மாதம் வாட்ஸ்அப்பில் ஒரு குரல்பதிவு அனுப்பியிருந்தான். மூன்று நிமிடம், நடுவில் இரண்டு தரம் அவர்களுடைய நாய் குரைத்தது. சாரம் இதுதான்: "மாமா, இஞ்ச ஹாபரிலை ஒரு படகுப் பயணம் போனனாங்கள். அந்த இடத்து ஆதிக்குடி ஆக்கள்தான் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினவை. டிசம்பரிலை யாழ்ப்பாணம் வரேக்கை அதுமாதிரி ஒண்டு போகவேணும். பாய் கட்டின வள்ளம், அந்த இடத்து ஆள். ஏற்பாடு செய்யுங்கோ."

வெளிநாட்டிலிருந்து வருகிறவர்களின் வாயில் "ஏற்பாடு செய்யுங்கோ" மிகச் சின்னச் சொல். இங்கே அதைச் செய்கிறவனுக்கு இரண்டு மாத வேலை. ஐந்து பேருக்கு ஏற்பாடு செய்யவேண்டும்: அக்கா, அத்தான், மருமகன், அவனுடைய பதினான்கு வயதுத் தங்கச்சி, எங்களுடைய எழுபத்தாறு வயது அம்மா. இதே கேள்வியோடு இன்னும் எத்தனையோ வீடுகளில் எத்தனையோ மாமாமார் இருப்பார்கள் என்பதால், நான் போய்ப் பார்த்ததையும் முடிவெடுத்த விதத்தையும் எழுதி வைக்கிறேன்.

முதலில் அவன் அங்கே எதைத்தான் பார்த்தான் என்று விசாரித்தேன். சிட்னித் துறைமுகத்தின் தென்கரை கடிகல் என்ற ஆதிக்குடி மக்களின் இடம். 1788இல் ஆங்கிலேயர் வந்து குடியேறியது அங்கேதான். மரப்பட்டையை ஒரே துண்டாக உரித்து, இரண்டு முனையையும் மடித்துக் கட்டிய சிறு தோணிகள் அந்தத் துறைமுகம் முழுக்க ஓடின. அதற்கு அவர்கள் வைத்த பெயர் 'நவி'. (நாவாய் என்று உடனே ஓடிவர வேண்டாம். ஒலி ஒத்திருக்கிறது, அவ்வளவுதான்.) நவியில் இருந்து தூண்டில் போட்டவர்கள் பெண்கள். சிப்பியில் தேய்த்துச் செய்த தூண்டில் முள். தோணியின் நடுவே களிமண் பரப்பி அதன்மேல் சின்ன நெருப்பு. பிடித்த மீனை அங்கேயே சுட்டுக் கொள்வார்கள். பரங்காரு என்று சிட்னியில் இப்போது உயர்ந்த கட்டடங்கள் நிற்கிற ஒரு பகுதி இருக்கிறது. கடைத்தொகுதிக்கு யாரோ வைத்த பெயர் என்று இவ்வளவு நாளும் நினைத்திருந்தேன். அது கமரேகல் குலத்து மீன்பிடிப் பெண் ஒருத்தியின் பெயராம்.

"சரி, அந்தப் படகிலை பாய் இருந்ததோ?" என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்தான். "பாய்மரம் இருந்தது மாமா. ஆனா எஞ்சினிலைதான் போனது." பிறகு அவனாகவே சொன்னான்: "அந்த அம்மா தன்ரை ஆக்களின்ரை கதையைச் சொன்னவா. அதுதான் நல்லா இருந்தது."

இந்தப் பதில்தான் எனக்கு அளவுகோல். பாய் வேண்டும் என்று கேட்டவனுக்கு உண்மையில் பிடித்திருந்தது, தன் தண்ணீரைப் பற்றித் தானே பேசுகிற ஒரு ஆள். அந்த ஆள் இங்கே எந்த வள்ளத்தில் கிடைப்பார், அவர் பேசுவது எந்த வள்ளத்தில் காதில் விழும்? இந்த இரண்டையும் வைத்துத்தான் எல்லாவற்றையும் பார்த்தேன்.

கையில் இருந்தவை நான்கு. குறிகட்டுவானில் இருந்து ஓடும் பொதுப் படகு. சுற்றுலாக்காரரின் 'பக்கேஜ்'. மீனவர் ஒருவரின் எஞ்சின் வள்ளத்தை நாளுக்குப் பேசிக்கொண்டு போவது. கடைசியாக, பாய்.

பொதுப் படகை யாரும் ஒரு பயணமாகவே எண்ணுவதில்லை. பண்ணைப் பாலத்தால் போய், வேலணை கடந்து, புங்குடுதீவின் மறுமுனைக்கு வந்தால் குறிகட்டுவான் இறங்குதுறை. நயினாதீவுக்கு அங்கிருந்து கால் மணித்தியாலம் அளவில் போய்விடலாம். நாகபூசணி அம்மனுக்குப் போகிற கூட்டமும் நாகவிகாரைக்குப் போகிற தென்பகுதிக் கூட்டமும் ஒரே வரிசையில் நிற்கும். நெடுந்தீவுக்கு ஒரு மணித்தியாலம் அளவில். வடதாரகை ஓடுகிறதா, குமுதினி ஓடுகிறதா, எத்தனை மணிக்கு என்பதை முதல் நாளே யாரையாவது கேட்டுக்கொள்ள வேண்டும். கடல் கொந்தளித்தால் ஓட்டமே இல்லை.

போன ஆடியில் கனடாவிலிருந்து வந்த சிநேகிதனின் குடும்பத்தோடு நெடுந்தீவு போனேன். சோளகக் காற்று நன்றாகப் பிடித்திருந்த நாள். அலை பக்கத்தால் அடித்து ஒரு கரை முழுக்க நனைந்தது. நான் இருந்த இடத்தில் எனக்கும் ஒரு பெட்டி கோழிக்குஞ்சுக்கும் நடுவே நெடுந்தீவுக்கார அம்மா ஒருவர். முதல் பத்து நிமிடம் பேச்சில்லை. பிறகு சிநேகிதனின் மகள் சத்தியெடுக்கத் தொடங்க, அந்த அம்மா மடியிலிருந்து ஒரு தேசிக்காயை எடுத்து நகத்தால் கீறி மணக்கக் கொடுத்தார். அதோடு கதை தொடங்கியது. வீட்டு வேலிக்குக் கதியால் நடாமல் பவளக் கல்லை அடுக்கியே மதில் கட்டுவது, கோடையில் குதிரைகள் தண்ணீருக்கு எங்கே போய் நிற்கும் என்பது, பெருக்கமரத்தின் பொந்துக்குள் சின்ன வயதில் எத்தனை பேர் ஒளித்திருந்தார்கள் என்பது. ஒல்லாந்தர் கோட்டையைப் பற்றி மட்டும் அவருக்குச் சொல்ல ஒன்றுமில்லை: "அது கிடக்குது."

நான்கிலும் மிகக் குறைந்த காசு இதற்குத்தான். அந்த இடத்து ஆளும் கிடைப்பார், அதிர்ஷ்டம் இருந்தால். ஆனால் இரண்டு விஷயத்தை மனதில் வைக்கவேண்டும். ஒன்று, அது தீவுச் சனத்தின் பஸ். ஆசிரியர்களும் நோயாளிகளும் எரிவாயுச் சிலிண்டரும் ஏறுகிற படகில் கமராவோடு முன்வரிசையைப் பிடித்துக்கொண்டு இருப்பது அழகில்லை. மற்றது, குமுதினி என்ற பெயர் எங்கள் வயதினருக்கு வெறும் படகுப் பெயர் இல்லை. 1985 மே 15 அன்று நெடுந்தீவில் இருந்து வந்த அந்தப் படகில், கடல் நடுவே, பயணிகள் பலர் கொல்லப்பட்டார்கள். பிள்ளைகளுக்கு அதை ஏறமுதல் சொல்லுங்கள். இறங்குதுறையில் யாரும் சொல்லமாட்டார்கள்.

பக்கேஜைப் பற்றி நீட்ட விருப்பமில்லை. அலுவலகத்தில் எல்லோரும் சேர்ந்து ஒருதரம் போனோம். நிழற்கூரை, மெத்தை இருக்கை, குளிரான தண்ணீர்ப் போத்தல், ஆளுக்கொரு லைஃப் ஜக்கெற். எல்லாம் நல்லது, மறுக்கவில்லை. 'உள்ளூர் வழிகாட்டி' என்று போட்டிருந்தார்கள். வந்த பெடியன் நல்ல பெடியன்தான். ஆனால் பரவைக்கடலில் வரிசையாக நட்டிருந்த தடிகளைக் காட்டி, "இது முந்தின காலத்து இறங்குதுறையின்ரை மிச்சம்" என்றான். அது சிறகுவலை. அன்று காலையிலும் யாரோ மீன் எடுத்துவிட்டுப் போன வலை. தடியில் நீர்க்காகம் இருந்து சிறகு காயவைத்துக் கொண்டிருந்தது. நாங்கள் ஒருவரும் திருத்தவில்லை. எங்களில் பாதிப்பேருக்குத் தெரியாது, மிச்சப் பாதிக்கு வெட்கம்.

வயதானவர்களுக்கும் கைக்குழந்தைக்காரருக்கும் கழிவறை முக்கியமானவர்களுக்கும் பக்கேஜ்தான் சரி. அத்தான் இந்த மூன்றாவது வகை என்று அக்கா இரகசியமாகச் சொல்லியிருக்கிறா.

எஞ்சின் வள்ளம் வேறு கதை. ஊர்காவற்றுறையில் தெரிந்த ஒருவரிடம் பேசிப் போனேன். பதினெட்டு அடி பைபர் வள்ளம், இருபத்தைந்து குதிரைவலு எஞ்சின். காரைநகருக்கும் ஊர்காவற்றுறைக்கும் நடுவே கடற்கோட்டை, பிறகு எழுவைதீவு, அனலைதீவு, மத்தியானத்துக்குள் திரும்பியாயிற்று. பொதுப் படகில் இரண்டு நாள் எடுக்கிற இடங்கள். ஒரே நாளில் நிறையப் பார்க்கவேண்டும் என்கிறவர்கள் யோசிக்காமல் இதையே எடுக்கலாம்.

என் குறை ஒன்றுதான். ஓட்டுகிறவர் அந்தத் தண்ணீரிலேயே பிறந்து வளர்ந்தவர். கையை நீட்டி நீட்டி ஏதோ சொல்லிக்கொண்டே வந்தார். எஞ்சின் இரைச்சலில் எனக்கு விளங்கியது "அந்தா", "முந்தி", "நேவி" என்ற மூன்று சொல். மிச்சத்துக்குத் தலையாட்டினேன். எழுவைதீவில் எஞ்சினை நிறுத்தியபோது, "அதுதானே சொன்னனான்" என்றார். என்ன சொன்னார் என்று இன்றைக்கும் தெரியாது.

2022இல் மண்ணெண்ணெய் இல்லாமல் வரிசையில் நின்ற காலத்தையும் அவர் சொன்னார், இது கரையில் என்பதால் கேட்டது. அந்த ஆவணியில் லீற்றர் 87 ரூபாவாக இருந்த மண்ணெண்ணெய் ஒரே இரவில் 340 ரூபாவானது. எஞ்சினைக் கழற்றி வீட்டில் வைத்துவிட்டு, அப்பு காலத்துப் பாய்த்துணியைத் தேடி எடுத்தாராம். "எலி கடிச்சிருந்தது. தறப்பாளை வெட்டித் தைச்சன்." அந்த வருடம் அவருடைய இருபது வயது மகன் முதல்முறையாகப் பாயில் வள்ளம் ஓட்டப் பழகினான். மண்ணெண்ணெய் வந்ததும் தறப்பாள் கோழிக்கூட்டுக்கு மேல் ஏறிவிட்டது.

பாயைத் தேடி நான் போனது இதற்குப் பிறகுதான்.

பாய் எங்கள் ஆட்களுக்குப் புதிதில்லை. வல்வெட்டித்துறையில் கட்டிய அன்னபூரணி அம்மாள் என்ற பாய்க்கப்பலை ஒரு அமெரிக்கர் வாங்கிப் பெயர் மாற்ற, ஊர் மாலுமிகளே அதை ஓட்டிக்கொண்டு போய் 1938இல் அமெரிக்காவின் குளொஸ்டர் துறைமுகத்தில் கட்டினார்கள். அத்திலாந்திக்கைப் பாயிலேயே தாண்டிய ஊர். ஆனால் அந்தப் பெருமையை நம்பி இன்றைக்கு வல்வெட்டித்துறைக்குப் பாய்வள்ளம் தேடிப் போனால் தைப்பொங்கலுக்குப் பட்டம்தான் பார்க்கலாம். பாய் மிஞ்சியிருப்பது ஆழமில்லாத பரவைக்கடல் பக்கம், அதுவும் ஒன்றிரண்டு வயதானவர்களிடம்.

குருநகர்ப் பக்கம் அப்படி ஒரு ஐயா கிடைத்தார். போன தையில், பொங்கல் கழிந்து நாலாம் நாள், விடிய ஐந்தரைக்கு வரச்சொன்னார். போனபோது அவர் கடலைப் பார்க்கவில்லை. கரையில் யாரோ குப்பை எரித்த புகையைப் பார்த்துக்கொண்டு நின்றார். புகை கடலை நோக்கிச் சாய்ந்திருந்தது. "வாடை. போகேக்கை சுகம்," என்றார். வரும்போது எப்படி என்று கேட்கவேண்டும் என்று எனக்குத் தோன்றவில்லை.

நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டு தள்ளினார். ஐம்பது யார் வரைக்கும் மரக்கோலால் தாங்கி, பிறகு பாயை ஏற்றினார். சின்னப் பாய்தான்; ஆறேழு இடத்தில் வேறு நிறத் துணி வைத்துத் தைத்தது. காற்று அதில் நிறைந்த கணத்தில் நான் எதிர்பார்த்தது வேகம். வந்தது அமைதி. அணியத்தில் தண்ணீர் பிளக்கிற சத்தம், கயிறு மரத்தில் உரசுகிற சத்தம், பின்னால் கரையில் ஒரு நாய். அவர் மெதுவாகப் பேசியது அத்தனையும் கேட்டது. மருமகனுக்கு நான் பாயைச் சொல்வது இதனால்தான். பாய் அழகு என்பதற்காக இல்லை.

அவர் விளக்கம் சொல்கிறவர் இல்லை. வேலை செய்துகொண்டே வாய்க்குள் சொல்வார், நாங்கள் பொறுக்கிக்கொள்ள வேண்டும். தண்ணீரின் நிறத்தைப் பார்க்கச் சொன்னார். கறுப்பாகத் தெரிந்தால் அடியில் சாதாளை என்கிற கடற்புல், வெளிறித் தெரிந்தால் மணல், கலங்கின மண்ணிறம் சேறு. சாதாளைக்குள் ஓராவும் இறாலும் நண்டும், மணலில் திருக்கை, "காலை வைக்கமுதல் மரக்கோலை வை." இடுப்பளவு தண்ணீரில் அரை மணித்தியாலம் போனோம். கரையிலிருந்து பார்க்க நடுக்கடல். இறங்கினால் நடந்தே போகலாம். அந்த அளவு ஆழத்துக்குத்தான் இந்தத் தட்டையான அடியும் இந்தச் சின்னப் பாயும். பெரிய எஞ்சின் இங்கே வந்தால் காற்றாடி சேற்றைக் கிண்டி, சாதாளையில் சுற்றி நின்றுவிடும்.

ஒரு சிறகுவலைக்குப் பக்கத்தால் போனபோது, பக்கேஜ்காரப் பெடியனின் இறங்குதுறையைச் சொன்னேன். சிரிக்கவில்லை. பாயைக் கொஞ்சம் தளர்த்தி வள்ளத்தை மெதுவாக்கினார். மீன் கரையோரமாக வரும், வலைச்சுவர் முன்னால் நிற்கும். மறிபட்ட மீன் கரைப்பக்கம் திரும்பாது, ஆழத்தைத் தேடித்தான் போகும். அந்த ஆழப் பக்கத்தில்தான் கூடு வைத்திருக்கிறது. உள்ளே போகிற வாய் அகலம், வெளியே வரும்போது அதே வாய் மீனுக்குத் தெரியாது. இவ்வளவையும் கைவிரலால் காற்றில் வரைந்து காட்டினார். தடி நடுகிற இடம் பரம்பரையாக இன்னாருக்கு இன்ன இடம் என்று இருப்பதையும், அதில் வருகிற சண்டையையும் சொன்னார். சண்டைக் கதைதான் நீண்டது. பாக்குநீரிணையில் இந்திய இழுவைப் படகுகள் வலை அறுத்த கதை அதிலும் நீண்டது. 2017இல் இங்கே சட்டம் போட்டு இழுவைமடியைத் தடைசெய்தார்கள். "சட்டத்துக்கு நீந்தத் தெரியாது" என்று முடித்துவிட்டுக் கடலில் துப்பினார்.

திசையை எப்படிப் பிடிக்கிறார் என்று கேட்டேன். கரையில் இரண்டு அடையாளத்தை ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் பார்க்க வேண்டும். அவை விலகினால் நாங்கள் விலகிவிட்டோம். முந்தி அவருக்குக் கோயில் கோபுரமும் ஒரு இரட்டைப் பனையும். பனை சண்டைக் காலத்தில் போய்விட்டது. "இப்ப போன் ரவர். பனையைவிட நல்லாத் தெரியுது."

என் தொப்பி பறந்தது அந்த நேரத்தில்தான். பத்து யார் தூரத்தில் மிதந்தது. எட்டிப் பிடித்துவிடலாம் போலிருந்தது, திருப்பச் சொன்னேன். "அந்தப் பக்கத்தாலைதான் காத்து வருது தம்பி. உன்ரை தொப்பிக்கு அரை மணித்தியாலம் போகும்." அப்போதுதான் எனக்குப் பாய்வள்ளம் விளங்கியது. பின்னால் விட்டதை எடுக்கிறது அதில் பெரிய வேலை. எஞ்சின்காரன் ஒரு வட்டம் அடித்து எடுத்துத் தந்திருப்பான்.

திரும்பல் எப்படி என்று கேட்காமல் விட்டேனே, அதற்குப் பதில் ஒன்பது மணிக்குக் கிடைத்தது. குருநகர்க் கரைக்குத் தெற்கே கடல், வாடை வடகிழக்கிலிருந்து. போகும்போது முதுகில் தள்ளிய காற்று வரும்போது முகத்தில். இந்தத் தட்டை வள்ளம் காற்றுக்கு எதிரே ஏறாது. பாயைச் சுருட்டி வைத்துவிட்டு மரக்கோல். அவர் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். அரை மணித்தியாலத்தில் என் தோள்மூட்டு கழன்றது. அவருக்கு அறுபதைத் தாண்டிய வயது, மூச்சுக்கூட மாறவில்லை. என் முகத்தைப் பார்த்துவிட்டு, சாக்கால் மூடியிருந்த ஒரு சின்ன எஞ்சினைக் காட்டினார். "போடவோ?" போடுங்கோ என்று நான் சொன்ன வேகத்துக்குத்தான் அன்றைக்கு முதல்தரம் சிரித்தார்.

ஆகவே பாயைத் தெரிவு செய்கிறவர்கள் முதலில் மாதத்தைப் பார்க்க வேண்டும். வைகாசி தொடக்கம் புரட்டாதி வரைக்கும் சோளகம், தென்மேற்குக் காற்று. அப்போது குருநகர்க் கரையில் அலை கூட, புறப்படுவது கஷ்டம், வீடு திரும்புவது சுகம். நல்லூர்த் திருவிழாவுக்கு வருகிற கனடா, லண்டன் குடும்பங்கள் வருவது இந்தக் காற்றில். மார்கழி, தை வாடைக் காலம்; போக்குச் சுகம், வரவுக்கு வியர்வை அல்லது மண்ணெண்ணெய். நடுவே பங்குனி, சித்திரையில் கடல் கண்ணாடி, வெயில் கொல்லும், பாய்க்கு வேலையில்லை. மருமகன் டிசம்பர் என்கிறான். கார்த்திகை, மார்கழி தாழமுக்க மாதங்கள். ஒரு கிழமை முழுக்கக் கடலுக்குப் போகாதே என்று அறிவித்தல் வரலாம். போதாததற்கு ஐயா கத்தோலிக்கர். நத்தாரில் இருந்து வருடப்பிறப்பு வரைக்கும் தொழில் இல்லை, ஞாயிற்றுக்கிழமை எப்போதும் இல்லை. சிட்னியில் பள்ளிக்கூடம் தை கடைசியில்தான் திறக்கிறதாம். ஆகவே பொங்கலுக்குப் பின் ஒரு கிழமைநாள். ரிக்கற் போடமுதல் இதைச் சொல்லிவிட்டேன்.

காசு பேசுவதில் எங்கள் ஆட்கள் ஒரு பிழை விடுகிறார்கள். "சும்மா ஒரு சுத்து சுத்திக் காட்டுங்கோ, எண்ணெய்க் காசு தாறம்" என்பார்கள். அந்த ஆள் அன்றைக்கு வலை இழுக்கப் போகவில்லை. அன்றைய மீன்பாடு, கூட வருகிற பெடியனின் கூலி, எண்ணெய், மூன்றையும் கூட்டி அதற்குமேல் கதைப்பதுதான் முறை. பக்கேஜுக்குக் கேட்டதைக் கேட்டபடி கொடுக்கிறவர்கள் குருநகரில் வந்து பேரம் பேசுவதை நான் கண்ணால் கண்டிருக்கிறேன்.

லைஃப் ஜக்கெற் அவரிடம் இரண்டுதான் இருந்தது, ஒன்றின் பட்டி அறுந்தது. நாங்கள் ஐந்தும் கொண்டுபோகிறோம். ஆட்களை ஏற்ற அவருக்கு என்ன அனுமதி வேண்டும் என்பதையும் முன்கூட்டியே கேட்டு முடிப்பதாக ஏற்பாடு. இடுப்பளவு தண்ணீர் என்றாலும் மறிக்கிறவர்கள் மறிப்பார்கள், பழி வள்ளக்காரருக்கு. கழிவறை கிடையாது. நிழல் கிடையாது. இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் கேட்கவேண்டாம்.

இன்னொன்றையும் மருமகனோடு கதைக்க வேண்டியிருந்தது. "அந்த ஐயா யாழ்ப்பாணத்தின்ரை ஆதிக்குடியோ மாமா?" என்று கேட்டான். படம் போடும்போது கீழே அப்படி எழுத ஆசை. வேண்டாம் என்றேன். இந்த நாட்டில் ஆதிக்குடி என்று அறியப்படுகிறவர்கள் வேடர். கிழக்குக் கரையில் வாகரைப் பக்கம் தமிழ் பேசுகிற வேடர் குடிகள் இருக்கிறார்கள், கடற்றொழிலும் செய்கிறார்கள். அவர்களிடம் கேட்டு, அவர்கள் விரும்பினால், அவர்களோடு போவது தனியான ஒரு பயணம். அதற்கு வாகரைக்குத்தான் போகவேண்டும். குருநகர் ஐயாவுக்கு அந்தப் பெயரை ஒட்டுவது இரண்டு பேருக்கும் செய்கிற அநியாயம். சிட்னியில் அந்த அம்மாவின் ஆட்களிடமிருந்து நிலத்தைப் பறித்துத்தான் நகரம் வந்தது. அவர் தன் துறைமுகத்தில் நின்று கதை சொல்வதற்கு அந்தப் பாரம் இருக்கிறது. ஐயாவின் பாரம் வேறு. கடல்வலயத் தடை, இடம்பெயர்வு, அறுந்த வலை. அவரை அவராகவே விட்டால் போதும். யாழ்ப்பாணத்துக்கு யார் முதலில் வந்தது என்று தொடங்கினால் வள்ளம் கரையைவிட்டே கிளம்பாது.

மருமகனும் தங்கச்சியும் நானும் பாயில். அக்காவும் அத்தானும் அதே நாளில் நயினாதீவுப் படகில். அக்காவுக்கு அம்மனிடம் ஒரு நேர்த்தி இருக்கிறது, அத்தானுக்குக் கோயிலில் கழிவறை இருக்கிறது. நெடுந்தீவை இந்தமுறை விட்டுவிட்டோம். ஒரே பயணத்தில் எல்லாத் தீவையும் முடிக்கவேண்டும் என்று அத்தான் எஞ்சின் வள்ளத்துக்கு வாக்குப் போட்டார். அவர் பக்கம் நியாயம் இருக்கிறது, ஐந்து வருடத்துக்கு ஒருமுறைதான் வருகிறார்கள். ஆனால் பயணம் கேட்டது பெடியன்.

அம்மாதான் மிச்சம். அவவை எதிலும் ஏற்றமுடியாது. 1990களின் தொடக்கத்தில், சண்டைக் காலத்தில், ஆனையிறவு, பூநகரிப் பாதைகள் மூடியிருந்தபோது கிளாலிப் பரவைக்கடலால் இரவில் கடந்தவ அவ. வெளிச்சம் போடக்கூடாது, ஒரு எஞ்சின் வள்ளத்துக்குப் பின்னால் கயிற்றில் கோத்த வள்ளங்கள், மடியில் அக்கா, கையில் சூட்கேஸ், என்னை யாரோ தெரியாதவரின் மடியில் இருத்தியிருந்ததாம். அதே பரவைக்கடல்தான், கிழக்கே கொஞ்சம் தள்ளி. "கிளாலியாலை வந்ததே காணும் எனக்கு," என்று சொல்லிவிட்டா.

நேற்று ஐயாவோடு போனில் கதைத்துக்கொண்டிருக்கும்போது பக்கத்தில் வந்து நின்றா. நாளை இப்போது குறிக்கமுடியாது, முதல் நாள் பின்னேரம் எடுங்கோ, காற்றைப் பார்த்துச் சொல்லுறன் என்று அவர் சொன்னார். நான் போனை வைக்கப் போக, அம்மா கையைக் காட்டி நிறுத்தினா.

"அந்தாளிட்டைக் கேள், திரும்பி வரேக்கை நண்டு ஏதும் எடுத்துத் தருவாரோ எண்டு. நான் கரையிலை நிக்கிறன். பிள்ளையளுக்குக் கூழ் காய்ச்சலாம்."

கேட்டேன். எத்தனை பேருக்கு என்று கேட்டார். ஆறு என்றேன். அம்மா விரலைக் காட்டினா: ஏழு, அவரையும் சேர்த்து.